கலங்காத தண்ணி

கல்யாண வீடியோ எடுக்கறவனுக்குப் பொறுமை ஜாஸ்தி வேணும் சார். சிதம்பரத்துல பதினாலு வருஷமா எனக்கு அதான் தொழில். எல்லாரும் கேமராவைப் பாத்துப் பல்லைக் காட்டுவாங்க. அலுத்துப்போச்சு.

சுனாமிக்கு அப்புறம் கிள்ளைப் பக்கம் கரையோரமா கல்லு கொட்டியிருக்காங்க. கடல் வாங்குனதும் அந்தக் கல்லுங்களுக்கு நடுவுல தண்ணி குட்டை குட்டையா நிக்கும். உள்ள நண்டு, சங்கு, குட்டி மீனு. ரெண்டு வருஷமா லீவு நாள்ல, தண்ணிக்குள்ள எறக்கற கேமராவால அதைத்தான் எடுத்தேன். நல்லதா பத்து நிமிஷம் கொண்டாங்க, போடறோம்னு ஒரு டி.வி.காரங்களும் சொன்னாங்க.

எடம் காட்டுனது இருசம்மாள். கையால தடவி எறா புடிக்கற பொம்பளை. புடிச்சதைப் போடற பையைப் பல்லுல கடிச்சுக்கிட்டு, ரெண்டு கையையும் சேத்துல வுட்டுத் தேடுவா. நான் சொல்லிக் குடுத்தது ஒண்ணுதான்: கேமரா ஓடறப்ப அசையக் கூடாது. சேறு கெளம்பிட்டா தெளிய ஒரு மணி நேரம் ஆவும்.

ஒரு பொந்துல பேய்க்கணவாய், அதான் சார் ஆக்டோபஸ், முட்டைக்குக் காவல் இருந்துச்சு. ஒரு மாசமா எரையே எடுக்கல, பாவம். அன்னிக்குக் காலையில முட்டை பொரியற மாதிரி இருந்துச்சு. கிழிஞ்ச வலைத்துண்டு ஒண்ணு பொந்தை மறைச்சுது. எடுத்துடறேன்னு அவதான் குப்புறப் படுத்துக் கையை வுட்டா. மேல இருந்த கல்லு சரிஞ்சு மணிக்கட்டை அழுத்திக்கிச்சு. அவளோட இன்னொரு கை கல்லுக்கு எட்டல.

நான் எழுந்தேன் சார். அப்பத்தான் மொத குஞ்சு வெளிய வந்துச்சு. அரிசி அளவுதான் இருக்கும், ஆனா எட்டு காலும் தெரிஞ்சுது. எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். கல்லைப் புரட்டுனா சேறு கலங்கிடும், கொஞ்சம் பொறுன்னேன். பையைக் கடிச்சபடியே தலையாட்டுனா.

கடல் திரும்பி ஏறிச்சு. முழங்கைக்கு இருந்த தண்ணி தோளுக்கு வந்துச்சு. தாடையைத் தொட்டப்ப பையை வுட்டுட்டா.

"சார், போதுமா?"

"இன்னும் ரெண்டே நிமிஷம்."

கத்தல சார். மூச்சை இழுத்துப் புடிச்சுக்கிட்டா. ரெண்டு நிமிஷம்னு நம்பித்தான் புடிச்சிருக்கணும்.

எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடலன்னு பொய் சொல்ல மாட்டேன். கை ஆடவே இல்ல, படத்தைப் பாத்தா தெரியும். குஞ்சுங்க வந்துகிட்டே இருந்துச்சு. பதினோரு நிமிஷம் எடுத்தேன். அந்தக் கல்லும் பெரிய கல்லு இல்ல. அப்புறம் அவ ஊரு ஆளு ஒருத்தரே தனியா வந்து புரட்டுனாரு. கல்லு சரிஞ்சது விபத்துன்னு எழுதிக்குங்க. மீதியெல்லாம் நான் செஞ்சது.

அவ பொண்ணு இலக்கியா எட்டாவது படிக்குது. அம்மா காட்டுன எடம்தானே, எனக்கு ஒரு சிடி குடுங்கன்னு வந்து கேட்டுச்சு. கடைசி ஒரு நிமிஷம் அவ தலைமுடி மிதந்து வந்து குஞ்சுங்களை மறைக்குது சார். பொண்ணு மனசு தாங்காதேன்னு, அதை மட்டும் வெட்டிட்டுத்தான் குடுத்தேன்.