தட்டாமல் திறந்த கதவு

சாயங்காலம் ஐந்து மணி. ஐந்துதான்... ஆனால் புடாபெஸ்டில் ஜனவரி மாதத்து ஐந்து மணி என்றால் அது ராத்திரி. யூதர்களை அடைத்துவைத்த பழைய கெட்டோவுக்குள் ஒரு சந்து. இரண்டு தெரு தள்ளி மதுக்கடைகளில் பாட்டும் கூத்துமாக இருக்கும். இந்தச் சந்தில் மட்டும் ஈ காக்கை கிடையாது. பனி பாதி உருகிச் சேறாகக் கிடந்தது.

இன்னும் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். கதவுக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருப்பவர் விருப்பப்பட்டால் இடம் மாறிக்கொள்ளலாம். இது எனக்கு நடந்ததில்லை. என் கீழ்வீட்டு மார்தா இருக்கிறாளே, அவளுடைய தம்பி ஆகோஷுக்கு நடந்தது. அவள் சொன்னதைத்தான் சொல்கிறேன். கூட்டவில்லை, குறைக்கவுமில்லை.

ஆகோஷுக்கு ஊரைச் சுற்றிக் காட்டுகிற தொழில். வெளிநாட்டுக்காரர்களை நடத்திக் கூட்டிப்போவான். போர்க்காலத்தில் எங்கள் யூத ஜனங்களைச் சுவர் வைத்து அடைத்தது இங்கே... ரொட்டிக்கு வரிசையில் நின்றது இங்கே... அந்தக் குளிர்காலத்தில் செத்தவர்களைப் புதைக்க வழியில்லாமல் விறகு மாதிரி அடுக்கியது இந்த முற்றத்தில்... என்று சொல்லிக்கொண்டே போவான். நடுவில் நடுவில் சிரிக்கவும் வைப்பான். அழ வைத்தே அனுப்பினால் அடுத்தவனை யார் அனுப்புவார்கள் என்று கேட்பான். நல்ல பிள்ளைதான். வாய் மட்டும் காது வரைக்கும்.

அவனுக்கு அப்போதுதான் மகன் பிறந்திருந்தான். அதற்கு முன்னால் இரண்டு தங்கவில்லை. அதனால் இந்தப் பிள்ளையைக் கண்ணில் வைத்துக் காத்தார்கள். நான் சொல்கிற சாயங்காலத்துக்கு மறுநாள் பிள்ளைக்கு எட்டாம் நாள். காலையில் விருத்தசேதனம் செய்து பெயர் வைக்க வேண்டும். அதுவரைக்கும் பெயரைப் பற்றி யாரிடமும் மூச்சு விடக்கூடாது என்பது எங்கள் வழக்கம். பெயர் தெரிந்தால் உயிரை எடுத்துப் போக வருகிறவனுக்கு வேலை சுலபம் அல்லவா? நப்தாலி என்று ஆகோஷும் அவன் மனைவி நோயெமியும் தங்களுக்குள் முடிவு செய்து வைத்திருந்தார்கள். அது கெட்டோவில் செத்துப்போன அவளுடைய கொள்ளுத்தாத்தா பெயர். கூடப் பிறந்த மார்தாவுக்குக்கூடச் சொல்லவில்லை.

"நாளைக்கு விசேஷத்தை வச்சுக்கிட்டு இன்னிக்குமாடா ஊரைச் சுத்தப் போறே?" என்று மார்தா திட்டியிருக்கிறாள்.

"வர்றேன்னு வாக்குக் குடுத்துட்டேன்க்கா. நாலே பேருதான். போன சுருக்குல வந்துடுவேன்."

நாலு பேர். ஒரு டச்சுப் புருஷன் பெண்டாட்டி, கல்லூரிப் பெண்கள் இரண்டு பேர். சுற்றி முடித்துக் கடைசியாக அந்தச் சந்துக்குள் கூட்டி வந்தான். முற்றத்தின் கோடியில் ஒரு சின்ன ஜெபக்கூடம் உண்டு. மறுநாள் விசேஷமும் அங்கேதான். சாவி, மாடியில் குடியிருக்கும் ஈரேன் அத்தையின் சமையலறை ஆணியில் தொங்கும். அவள் ஜன்னலைத் திறந்து சாவியைக் கீழே போட்டாள்.

"டேய், சேத்துக் காலோட உள்ள விடாதே. நாளைக்குப் பிள்ளையைக் கொண்டு வர்ற இடம். தட்டிட்டுத் திற, வாய்ப்பந்தல்காரா!"

தட்டிவிட்டுத் திறப்பது எதற்கென்றால்... இருட்டியபின் ஜெபக்கூடத்தில் இறந்தவர்கள் கூடித் தொழுவார்கள். அதனால் திறக்கும் முன் மூன்று முறை தட்ட வேண்டும். 'நாங்கள் வருகிறோம், நீங்கள் எழுந்துகொள்ளுங்கள்' என்று அர்த்தம். தட்டாமல் போனால் அவர்கள் நடுவில் போய் நிற்க வேண்டியதுதான். வேதச் சுருள் வாசிக்கும் நேரமாக இருந்தால் பெயர் சொல்லி மேடைக்குக் கூப்பிடுவார்கள். அவர்கள் கூப்பிட்டவன் அந்த வருஷம் தாண்டமாட்டான். இதை ஆகோஷ் தினமும் கதவருகே நின்று கண்ணை உருட்டிச் சொல்வான். வந்தவர்களில் யாராவது ஒருவரைத் தட்டச் சொல்வான். ஒரே சிரிப்பாக இருக்கும்.

அன்றைக்கும் சொல்ல வாயெடுத்தான். கைப்பேசி அடித்தது. நோயெமி.

"கசகசா பத்தலை. வர்றப்ப வாங்கிட்டு வந்துடு. கேக்கு பாதில நிக்குது."

"சரி. பையன் என்ன பண்றான்?"

"தூங்குறான். உன்னை மாதிரியே வாயைத் திறந்துக்கிட்டு."

அவன் சிரித்தான். போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, சிரித்தபடியே சாவியைத் திருகினான். கதவைத் தள்ளினான். உள்ளே போய்விட்டான்.

தட்டவில்லை.

விளக்கு சுவிட்ச் எதிர்ச்சுவரில். இருட்டில்தான் நடந்து போக வேண்டும். பேசி முடித்துப் போனைப் பையில் போட்டுக்கொண்டு இரண்டு எட்டு வைத்ததும் மூக்கில் ஏறியது ஒரு வாடை. நனைந்த கம்பளிக் கோட்டு வாடை... ஒன்றிரண்டு இல்லை, ஒரு கூட்டமே நனைந்து வந்து நின்றால் வருமே, அந்த வாடை. மெழுகு கருகின நெடி. கணப்பே இல்லாத கூடம் வெதுவெதுவென்று இருந்தது.

"வேற குழு உள்ளே இருக்குதா?" என்று டச்சுக்காரி கிசுகிசுத்தாள்.

காகிதம் புரளும் சத்தம். சர்ர்... சர்ர்... யாரோ தொண்டையைக் கனைத்தார்கள். பிறகு ஒரு குரல். கிழட்டுக் குரல், அவசரமே இல்லாத குரல். மேடைக்கு ஆளைக் கூப்பிடும் அந்தப் பழைய ராகம்.

"நப்தாலி..."

ஆகோஷுக்கு ஒரு நொடி நிம்மதிதான். நோயெமியின் கொள்ளுத்தாத்தாவைக் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தான். செத்தவர்கள் செத்தவரைக் கூப்பிடுகிறார்கள், நமக்கென்ன? ஆனால் எங்களில் வெறும் பெயரோடு யாரையும் கூப்பிடுவதில்லை. அப்பன் பெயரும் சேர்ந்து வரும். அந்தக் குரல் மூச்சு வாங்கிக்கொண்டு முடித்தது.

"...ஆஷேர் மகன். எழுந்து வா."

ஆஷேர் என்பது ஆகோஷின் ஜெபக்கூடப் பெயர்.

யாருக்கும் சொல்லாத பெயர். தொட்டிலில் வாயைத் திறந்துகொண்டு தூங்கும் பிள்ளை. இரண்டைப் பறிகொடுத்தபின் வந்த பிள்ளை. வாய் கெட்டிக்காரன் இல்லையா... அந்த நேரத்திலும் வாய்தான் முந்திக்கொண்டது. மேடையைப் பார்த்து உரக்கச் சொன்னான்.

"அந்தப் பேர்ல எனக்கு மகன் கிடையாது. அப்படி ஒருத்தன் இங்கே இல்லை."

காகிதச் சத்தம் நின்றது. யாரோ யோசிக்கிற மாதிரி இருந்தது அந்த அமைதி. அப்புறம் வாடை போயிற்று. குளிர் சட்டென்று வந்து முகத்தில் அறைந்தது. பின்னால் நின்ற நாலு பேரும் கை தட்டினார்கள். நடிப்பென்று நினைத்துவிட்டார்கள், பாவிகள்.

அவர்களை எப்படி அனுப்பினான், சாவியை எப்போது ஈரேன் அத்தையிடம் கொடுத்தான், எதுவும் அவனுக்கு நினைவில்லை. ஓட்டமாக வீட்டுக்கு வந்தான்.

வீட்டில் கூட்டம். பெயர் வைப்பதற்கு முந்தின ராத்திரி பிள்ளையைத் தனியே விடமாட்டோம். சொந்தக்காரர்கள் சுற்றி உட்கார்ந்து விடிய விடிய விளக்கெரித்துக் கண் விழிப்பார்கள். பாலிங்காச் சாராயமும் அரட்டையுமாக இருந்தார்கள். ஆகோஷ் யாரையும் பார்க்காமல் நோயெமியைச் சமையலறைக்கு இழுத்துப் போனான். கேக்கை எட்டிப் பார்க்கப் போன மார்தா கதவோரம் நின்று எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள்.

"கசகசா எங்கே?"

"அதை விடு. பேரை மாத்தணும். நப்தாலி வேண்டாம்."

"ஏன்? என்ன ஆச்சு உனக்கு? மூஞ்சி வெளுத்துக் கிடக்குது."

நடந்ததைச் சொன்னான். சொல்லிவிட்டு அவளைச் சமாதானப்படுத்த அவனே சிரித்துக்கொண்டான். "நல்லவேளை, இன்னும் வைக்கலை. வைக்காத பேரை யாரும் பிடிச்சுக்க முடியாதுல்ல? அதான் இல்லைன்னு சொல்லிட்டு வந்துட்டேன். நாளைக்கு வேற பேரு வச்சா முடிஞ்சுது."

நோயெமி சுவரைப் பிடித்துக்கொண்டாள்.

"ஆகோஷ்... நான் கூப்பிட்டுட்டேனே."

"என்ன?"

"பொறந்த அன்னிக்கு ராத்திரியே. பால் குடுக்குறப்ப காதுல சொன்னேன். இத்தனை நாளா அப்படித்தான் கூப்பிடுறேன். மெதுவா... யாருக்கும் கேக்காமத்தான். எனக்கு ஆசையா இருந்துச்சு." அவளுக்கு அழுகை வந்துவிட்டது. "கூப்பிட்டா அடங்குறான்டா. அவனுக்கு அந்தப் பேரு தெரியும்."

ஆகோஷ் அவளைத் திட்டவில்லை. பெற்றவள் ஆசையாகக் கூப்பிட்டதற்கு யார் திட்டுவார்கள்? பிறகு கோட்டை மாட்டினான்.

"எங்கே போறே?"

"பொய் சொல்லிட்டு வந்திருக்கேன், நோயெமி. அவங்க விசாரிச்சுக்கிட்டு இங்கே வந்துடக் கூடாது."

தொட்டில் பக்கம் போய்ப் பிள்ளையைப் பார்த்தான். தூக்கவில்லை. படியிறங்கிப் போனான். அப்போது பனி கொட்டத் தொடங்கியிருந்தது. விளக்கைச் சுற்றி உட்கார்ந்தவர்கள் அவன் வருவான் வருவான் என்று பார்த்தார்கள். விடிந்தும் வரவில்லை.

காலையில் பிள்ளையைத் துணியில் பொதிந்துகொண்டு எல்லாரும் ஜெபக்கூடத்துக்குப் போனார்கள். நோயெமி வழியெல்லாம் நடுங்கிக்கொண்டே வந்தாள். முற்றத்துப் பனியில் ஒரு காலடிகூட இல்லை. ஈரேன் அத்தை தன் சமையலறை ஆணியிலிருந்து சாவியை எடுத்து வந்தாள். மூன்று முறை தட்டினாள். பூட்டைத் திறந்தாள்.

உள்ளே மேடைக்குப் பக்கத்தில் ஆகோஷ் நின்றுகொண்டிருந்தான்.

"எப்படிடா உள்ள வந்தே?" என்றாள் ஈரேன் அத்தை.

"முன்னாடியே வந்துட்டேன் அத்தை."

நோயெமி அழுதுகொண்டே சிரித்தாள். மார்தாவுக்கும் போன உயிர் திரும்பிவந்தது. நேரமாகிவிட்டதென்று, சடங்கை நடத்தும் ராபி அவசரப்படுத்தினார். பிள்ளை வீறிட்டு அழுதது, நல்ல கெட்டியான குரலில். சடங்கு முடிந்தது. பெயர் என்ன என்று ராபி கேட்டார். ஆகோஷ் குனிந்து அவர் காதருகே சொன்னான்.

"ஆஷேர்."

ராபி நிமிர்ந்து பார்த்தார். எங்களில் உயிரோடிருப்பவர் பெயரைப் பிள்ளைக்கு வைக்கவே மாட்டோம். 'ஆஷேர் மகன் ஆஷேர்' என்று அப்பன் பெயரே மகனுக்கும் வந்தால், அவன் அப்பன் முகம் பார்க்காத பிள்ளை என்று கேட்காமலே தெரிந்துகொள்வோம்.

"அது உன் பேராச்சே! நீ குத்துக்கல்லாட்டம் நிக்கிறப்ப எப்படிடா வைக்கிறது?"

"வையுங்க ராபி. இனிமே அது அவனுக்குத்தான்."

அந்தக் கூடத்தில் கணப்பு கிடையாது என்று சொன்னேன் அல்லவா? நல்ல குளிர். ராபி பேசும்போது வாயிலிருந்து வெள்ளையாக ஆவி வந்தது. நோயெமி வாயிலிருந்து வந்தது. அழுத பிள்ளையின் சின்ன வாயிலிருந்துகூட வந்தது... மார்தா தம்பிக்குப் பக்கத்திலேயே நின்றாள். அவன் பேசினான். ஆவி வரவில்லை.