சின்னப்பர் எழுதாத நிருபம்

வில்லியனூர் தபாலாபீஸ் வரிசையில் எனக்கு முன்னால் மாதா கோயில் உபதேசியாரும் அவர் மச்சானும் நின்றார்கள்.

“வேதப் புஸ்தகத்துல எபிரேயர் நிருபம்னு ஒரு கடுதாசி இருக்குல்ல, அது நம்ம சின்னப்பர், அதாம் பவுலு, எழுதனது இல்லியாம் மச்சான். கருத்து அவருதாம், நடை வேற ஆளுதாம். படிச்சவங்க கண்டுபுடிச்சிட்டாங்க.”

“இன்னா மாமா, கூட இருந்து பாத்தாங்களா?”

“பாக்கணுமா? உங்க அக்கா சொல்லி நான் எழுதனா அவ பேச்சு மாதிரியா இருக்கும்?”

“இருக்காது. திட்டு கொறஞ்சிடும்.”

எனக்கு வியர்த்துவிட்டது. எழுதத் தெரியாத மாமியார், சைகோனில் இருக்கும் தன் மகனுக்குச் சொல்லச் சொல்ல நான் எழுதிய கடிதம் என் கையில் இருந்தது. ‘உன் பெண்டாட்டி மிகவும் பொறுப்பானவள்’ என்ற வரியை மட்டும் அவர் சொல்லவில்லை. வரி முழுவதையும் அடித்துவிடத்தான் நினைத்தேன். குழந்தையை இடுப்பு மாற்றி வைத்துக்கொண்டு, பேனாவை எடுத்து, ‘மிகவும்’ என்பதை மட்டும் அடித்தேன்.