கவிழ்த்த சட்டி

இரவு பத்து மணி. நாச்செஸ் தடம் என்னும் இந்தப் பழைய காட்டுச்சாலையில் ஆள் அரவமே இல்லை... நெருங்கி உட்காருங்கள். இது என் தோழி ஆர்டெல்லாவின் சித்தி வெர்லீனுக்கு நேர்ந்தது.

"வெர்லீனா? அவ யாரையும் பேசவே விடமாட்டாளே!"

அவளேதான். சிரிப்பை அடக்கு.

அவள் மகன் லோனிக்குப் பதினான்கு வயது. கடைவீதியில் ஒரு வெள்ளைக்காரனை எதிர்த்துப் பேசிவிட்டான். கறுப்புப் பையன் அப்படிப் பேசினால் கும்பலாகத் தேடிவந்து கொல்லும் காலம் அது. சிகாகோவுக்கு அழைத்துப்போக மாமனின் வண்டி வரும்வரை, தான் சமைக்கும் செங்கல் மாளிகையின் அடுக்களையில் அவனை ஒளித்தாள். முதலாளி குடும்பம் ஊரில் இல்லை. அந்தத் தோட்டத்து மண்ணைக் குழைத்து, அடிமைகளாயிருந்த நம் முன்னோர் சுட்ட கற்கள் அவை. ஈரக்கல்லைப் புரட்டிய பிள்ளைகளின் விரல்தடம் இன்றும் சுவரில் உண்டு.

"அம்மா, வண்டி வந்துருச்சா?"

"வாயை மூடுறா. அந்த வாயாலதானே இந்தப் பாடு!"

தொலைவில் நாய்கள் குரைத்தன. வெர்லீன் இரும்புச் சட்டியை வாசற்படியில் கவிழ்த்தாள். முன்னோர் எசமானுக்குத் தெரியாமல் ஒளிந்து செபிக்கையில் செய்தது அது: சத்தம் முழுவதும் சட்டிக்குள் இறங்கிவிடும். புறப்படுமுன் நிமிர்த்திவிட வேண்டும். மறந்தால் குரல் வீட்டோடு தங்கிவிடும்.

சுவர்க்கடிகாரத்தின் ஊசல் ஆடியது... ஓசை இல்லை. கதவிடுக்கில் நனைந்த நாயின் வாடை, மண்ணெண்ணெய் வாடை. லோனி இருமினான், உடல் குலுங்கியது, ஓசை இல்லை.

"உள்ள எவனும் இல்லடா, வாங்க," என்றான் வெளியே கும்பலில் ஒருவன்.

அவர்கள் போனார்கள். வண்டி வந்தது. மகனைச் சாக்குகளுக்கடியில் திணித்து அனுப்பினாள். சட்டியை மறந்தாள்.

நான்காம் நாள் மாமன் தொலைபேசியில் அழுதான். "லோனிக்கு வாய் அசையுதுக்கா... சத்தமே வரல."

ஓடிப்போய்ச் சட்டியை நிமிர்த்தினாள். சுவரிலிருந்து கேட்டது:

"அம்மா, வண்டி வந்துருச்சா?"

"வந்துருச்சுடா கண்ணு. நீ போயிட்டே."

சற்று நேரத்தில் மீண்டும் அதே கேள்வி.

சிகாகோவுக்கு வரச்சொல்லி லோனி எத்தனையோ கடிதம் எழுதினான். அவள் போகவில்லை. போனால் அதற்கு யார் பதில் சொல்வது? சாகும்வரை அந்த அடுக்களையிலேயே சமைத்தாள்.

அடக்கத்துக்கு லோனி வந்தான், தலை நரைத்திருந்தது. அந்தியில் தனியே அந்த அடுக்களைக்குப் போனான். கதவருகே நின்ற ஆர்டெல்லாவுக்கும் கேட்டது... உடையாத பிள்ளைக்குரல், வண்டி வந்ததா என்று. அவன் சுவரில் நெற்றியை வைத்து, பதில் சொல்ல வாயைத் திறந்தான். மூச்சு மட்டுமே வந்தது.



பிறகு சுவரிலிருந்து, மிக மெதுவாக...

"ஐயா, நீங்க யாரு? எங்கம்மா எங்க?"