பரிசோதனைக்குப் போன ஹெல்மெட்

அக்கா: ...நாலாயிரம் ஹெல்மெட்டுடா! நம்ம ரெண்டு மெஷினும் ராப்பகலா ஓடணும்.

தம்பி: மெதுவா பேசுக்கா. வரவேற்புல இருக்கிற அந்தம்மா நம்மளையே பாக்குது.

அக்கா: பாக்கட்டும். அஞ்சு கிலோ குண்டைத் தூக்கி மேல போட்டுப் பாத்திருக்காங்க, ஒரு கீறல் விழல. வாயால விக்கிறவன் நீ, அச்சுல வார்க்கிறவ நான். இன்னிக்கு என் பெருமையைக் கொஞ்சம் பேசிக்கிறேன். பேனா குடு, ஆர்டர் பேப்பர்ல கையெழுத்துப் போட்டு வெச்சிடறேன்.

தம்பி: இப்பவே எதுக்கு... உள்ள கூப்பிடட்டும்.

அக்கா: ஏண்டா பேயறைஞ்ச மாதிரி உக்காந்திருக்க? இந்த ஆர்டருக்கு ஆறு மாசம் நாயா அலைஞ்சவன் நீ.

தம்பி: அதான்... ஆசை கண்ணை மறைச்சிருச்சு.

அக்கா: என்ன உளர்ற?

தம்பி: கையெழுத்துப் போடாதக்கா.

அக்கா: எது?

தம்பி: கட்டட வேலை செய்யிற நாலாயிரம் பேர் தலையில மாட்டப் போறாங்க. அதை நெனச்சா சோறு இறங்க மாட்டேங்குது.

அக்கா: சுத்தி வளைக்காம சொல்லு.

தம்பி: பரிசோதனைக்குப் போனது நம்ம ஹெல்மெட் இல்ல... பெரிய கம்பெனியோடது. கடையில வாங்கி, அவங்க ஸ்டிக்கரைச் சுரண்டிட்டு நம்மளோடதை ஒட்டி பெட்டியில வெச்சேன். அடிக்கணும்னா அடி. உள்ள போயி நானே சொல்லிடறேன்.

அக்கா: உக்காரு.

தம்பி: விடுக்கா, தைரியம் போறதுக்குள்ள...

அக்கா: உக்காருடா. அந்தப் பெட்டிக்கு டேப் சுத்தினது யாரு?

தம்பி: நீதான்.

அக்கா: சுத்துறதுக்கு முன்னாடி திறந்து பாத்தேன். நம்ம ஹெல்மெட்டோட தாடை வார் எல்லாம் நீல நூல்ல தைக்கிறோம். உள்ள இருந்தது வெள்ளை நூலு.

தம்பி: அப்போ...

அக்கா: அதை பீரோவுல பூட்டிட்டு நம்மளோடதை வெச்சு அனுப்பினேன். குண்டு விழுந்தது நான் வார்த்ததுமேலதான்.

தம்பி: நம்மளோடதா... நம்மளோடதா பாஸாச்சு? அய்யோ அக்கா, இந்தா பேனா, போடு, போடு... இரு. பத்து நாளா செத்துப் பிழைச்சேனே, ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா? நானே திருந்தி வரட்டும்னு காத்திருந்தியா?

அக்கா: திருத்தறதும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. எனக்கும் பயம்டா. நம்மளோடது உடைஞ்சிருந்தா, உடைஞ்சது பெரிய கம்பெனியோடதுன்னே கடைசிவரைக்கும் உன்னை நம்ப விட்டிருப்பேன்.