வட்டியில்லாத ஒத்தி

எனக்குச் செருப்பு ஒத்துக்கொள்ளாது, இன்ஸ்பெக்டர் ஐயா. அதனால்தான் உங்கள் ஏட்டு, "செருப்பக் கழட்டிட்டு உள்ள வாங்க" என்றபோது சிரித்துவிட்டேன். வெடி மருந்து கலக்கிற தொழிலில் இருக்கிறவன் என்றைக்குச் செருப்புப் போட்டான்? வெறுங்காலோடு நடந்து நடந்து என் பாதம் எருமைத் தோல் மாதிரி ஆகிவிட்டது. லைசென்ஸ் விஷயமாக மதுரைக்குப் போனாலும் இப்படியேதான் போவேன். அங்கே இருக்கிற குமாஸ்தாக்கள் முதலில் என் காலைப் பார்த்து முகம் சுளிப்பார்கள். அப்புறம் என் கையிலிருக்கிற பையைப் பார்த்து நாற்காலி போடுவார்கள்.

ஒரு டீ சொன்னால் நல்லது. எழுதுகிறவரை அவசரப்படாமல் எழுதச் சொல்லுங்கள். யாரும் என்னைப் பிடித்து இழுத்து வரவில்லை. அந்தப் பெண் இசபெல் உங்களிடம் கொடுத்திருக்கிற மனுவில் ஒரு வார்த்தை தப்பாக இருக்கிறது. அதைத் திருத்தத்தான் நானாக வந்தேன். எந்த வார்த்தை என்று கடைசியில் சொல்கிறேன்.

என் பெயர் பலவேசம். நாரணாபுரத்தில் வெடிக் கம்பெனி வைத்திருக்கிறேன். அதற்கு முன்னால் விருதுநகரில் மிளகாய் வத்தல் கமிஷன் கடை. இசபெலுடைய அப்பா சத்தியநாதன் சார், மிஷன் பள்ளிக்கூடத்துக் கணக்கு வாத்தியார். நல்ல மனிதர் என்று ஊரே சொல்கிறது, நானும் சொல்கிறேன். நல்ல மனிதர்களுக்குக் கணக்கு வராது என்பது என் அனுபவம். அவருக்குக் கணக்குதான் பிழைப்பு என்பதுதான் வேடிக்கை.

ஐம்பத்திரண்டில் அவருடைய சம்சாரம் தேவமணிக்கு வயிற்றில் கட்டி. ஆபரேஷனுக்குப் பணம் வேண்டும் என்று என் கடைக்கு வந்தார். மிளகாய் நெடியில் தும்மிக்கொண்டே, வட்டி எவ்வளவு என்று கேட்டார். நான் வட்டியே வேண்டாம் என்றேன். நாரணாபுரத்துக்கு வெளியே அவருடைய அப்பா கட்டிய கல் வீடு ஒன்று இருந்தது. அதைச் சுற்றி மூன்று ஏக்கர் பொட்டல், ஒரு நல்ல தண்ணீர்க் கிணறு. அதை ஒத்திக்கு எழுதிக் கொடுங்கள் என்றேன்.

ஒத்தி உங்களுக்குத் தெரியாததா? நான் பணம் கொடுக்கிறேன், அவர் வீட்டைக் கொடுக்கிறார். பணத்துக்கு வட்டி கிடையாது, வீட்டுக்கு வாடகை கிடையாது. என் பணம் என்றைக்குத் திரும்பி வருகிறதோ அன்றைக்கு அவர் வீடு திரும்பிப் போகும். இவ்வளவுதான். எனக்குத் தெரிந்து இதைவிட நியாயமான ஏற்பாடு உலகத்தில் இல்லை.

"வட்டியே இல்லயா, அண்ணாச்சி? கர்த்தர் உங்க குடும்பத்த ஆசீர்வதிப்பாரு" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். கண்ணெல்லாம் கலங்கிப்போயிருந்தது. மிளகாயாகக்கூட இருக்கலாம்.

அப்புறம் அந்தக் கணக்கு வாத்தியார் என்ன செய்தார் தெரியுமா? சொந்த வீட்டை என்னிடம் சும்மா ஒப்படைத்துவிட்டு, சிவகாசியில் இன்னொருவன் வீட்டில் வாடகைக்குக் குடிபோனார். மாதாமாதம் சம்பளத்தில் முதல் செலவு வாடகை. அதைத் தவிர ஒத்தி வீட்டுக்கு வரியும் அவரே கட்டினார். பத்திரத்தில் அப்படித்தான் எழுதியிருந்தது. படித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டார். அவர் கையெழுத்து அச்சடித்த மாதிரி அழகாக இருக்கும்.

நான் மிளகாயை விட்டு வெடிக்கு வந்தது அந்த வீட்டால்தான். ஊரை விட்டுத் தள்ளி, சுற்றிப் பொட்டல், வற்றாத கிணறு. வெடிக் கம்பெனிக்கு அதைவிட வேறென்ன வேண்டும்? பொட்டலில் ஷெட்டுகள் போட்டேன். கல் வீட்டின் உள்ளறையில் மருந்து கலந்தோம். சீசனுக்குக் கல்கத்தாவிலிருந்து ஆர்டர் வர ஆரம்பித்தது. சிவகாசியில் வீட்டு வாடகை எல்லாம் ஏறியது. அவர் கொடுக்கிற வாடகையும் ஏறியது. அவர் வீட்டுக்கு நான் கொடுக்கிற வாடகை மட்டும் ஏறவே இல்லை. பூஜ்யம் எப்படி ஐயா ஏறும்?

அவ்வப்போது நானே போய், "சார், ஏதும் தேவையா? கூச்சப்படாதீக" என்று கேட்பேன். இசபெலை நர்ஸ் படிப்பில் சேர்க்க வாங்கினார். தேவமணிக்கு மறுபடி ஆபரேஷன் என்று வாங்கினார். அந்த அம்மா செத்ததும் அடக்கத்துக்கு வாங்கினார். எல்லாம் அதே ஒத்தியின் மேலேதான். ஒரு தடவையும் வட்டி கேட்டதில்லை. ஒரு தடவையும் அவர் நன்றி சொல்லாமல் போனதில்லை. வீடு கொஞ்சம் கொஞ்சமாக அவர் கைக்கு எட்டாத உயரத்துக்குப் போவதை அவரே ஏணி பிடித்து உதவி செய்தார்.

நீங்கள் ஏன் முகத்தைச் சுளிக்கிறீர்கள்? நீங்களும் சூலக்கரைப் பக்கம் சொசைட்டிக் கடனில் வீடு கட்டுகிறீர்கள் என்று கேள்வி. மாதம் எவ்வளவு பிடிப்பார்கள் என்று மட்டும்தானே கேட்டீர்கள்? எல்லாம் கட்டி முடிக்கும்போது எத்தனை வீட்டுக்கான பணம் கட்டியிருப்பீர்கள் என்று கேட்டீர்களா? கேட்டிருக்க மாட்டீர்கள். வாத்தியாரும் கேட்கவில்லை. படித்தவர்கள் எல்லாருக்கும் மாதச் சம்பளம் வந்ததும் மூளை மாதக் கணக்கில் சுருங்கிப்போகிறது. எங்களை மாதிரி ஆட்கள் பிழைப்பது அதனால்தான்.

போன வருஷம் ஒரு நாள் சாயங்காலம், கையெல்லாம் சாக்பீஸ் தூளோடு கம்பெனிக்கு வந்தார்.

"அண்ணாச்சி, ஒம்பதாம் கிளாஸ்ல கூட்டு வட்டி நடத்திக்கிட்டு இருந்தேன். பயலுகளுக்குப் புரியட்டும்னு நம்ம ஒத்தியவே போர்டுல கணக்காப் போட்டேன். நீங்க குடுத்த பணத்தப் போல ரெண்டு மடங்கு, நான் குடியிருந்த வீட்டு வாடகையிலயே போயிருக்கு. பாதியில அழிச்சுட்டேன்."

"வட்டி இல்லன்னு சந்தோசப்பட்டீகளே, சார்."

"ஆமா. நீங்க வாங்கல. வேற வாசல் வழியா நாந்தான் குடுத்திருக்கேன்."

அவர் கோபப்படவில்லை. என் சட்டையைப் பிடித்திருந்தால் எனக்கு அவர் மேல் ஒரு மரியாதை வந்திருக்கும். சிரித்துக்கொண்டே சொன்னார். தன் அறியாமையை ஒரு நல்ல கணக்கு மாதிரி ரசித்துச் சொன்னார். எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அப்புறம்தான் விஷயத்துக்கு வந்தார். ரிட்டயர் ஆகப்போகிறாராம், அந்தப் பணம் வருமாம். இசபெலும் மதுரையில் நர்ஸ் வேலையில் சேர்த்து வைத்திருக்கிறாளாம். வருகிற சித்திரையில் வீட்டை மீட்டுக்கொள்கிறேன் என்றார்.

எனக்கே விற்றுவிடுங்கள், நல்ல விலை தருகிறேன் என்றேன்.

"வேண்டாம், அண்ணாச்சி. எம் பிள்ளைக்கு நான் குடுக்குறதுக்கு வேற என்ன இருக்கு? அவளாவது வாடக குடுக்காம இருக்கட்டும்."

என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். ஷெட்டெல்லாம் அவர் நிலத்தில் நிற்கிறது, லைசென்ஸ் அந்த இடத்துக்கு. வீடு மீண்டால், நான் எழுப்பிய கம்பெனி வாசலில் நானே கை கட்டி நின்று, "சார், வாடகைக்குத் தாங்க" என்று கேட்க வேண்டும். யாரிடம்? கணக்குப் போடவே பன்னிரண்டு வருஷம் எடுத்துக்கொண்ட ஒரு வாத்தியாரிடம்.

அக்கினி வெயில் காலத்தில் பணம் தயார், வீட்டில் இருக்கிறது என்று வந்து சொன்னார். ரிஜிஸ்தர் ஆபீசுக்குப் போவதற்கு முன்னால் வீட்டை ஒரு தடவை பார்க்க வேண்டும் என்றார். தேவமணி படுத்திருந்த உள்ளறையைப் பார்க்க வேண்டுமாம். வரச் சொன்னேன். உச்சி வெயிலில் குடை பிடித்துக்கொண்டு வந்தார். வாசலில் வந்ததும் குனிந்து செருப்பைக் கழற்றப் போனார். யார் வீட்டுக்குப் போனாலும் அவர் வழக்கம் அது. நான் தடுத்தேன்.

"என்ன சார் இது? உங்க வீட்டுக்குள்ள போறதுக்கு நீங்க செருப்பக் கழட்டுறதா? போட்டுக்கிட்டே போங்க. சொந்தக்காரர் மாதிரி நடங்க."

அவருக்கு முகமெல்லாம் பூரித்துப்போனது. மனிதனை மரியாதையாக நடத்துவது எந்தச் சட்டத்தில் குற்றம் என்று உங்கள் ஏட்டிடம் கேட்டேன்.

சரி, நீங்கள் கேட்பதற்கு முன்னால் நானே சொல்லிவிடுகிறேன். மருந்து அறைக்குள் நாங்கள் எல்லாரும் வெறுங்காலோடுதான் போவோம். வாசலில் தண்ணீர்த் தொட்டி இருக்கும். காலை நனைத்து, ஈரச் சாக்கில் மிதித்துத்தான் உள்ளே போக வேண்டும். உள்ளே இரும்பு போகக் கூடாது, கரண்டிகூட மரம்தான். வெயில் ஏறுவதற்குள் கலவை வேலையை முடித்து, தரையில் சிந்தியதையெல்லாம் தண்ணீர் ஊற்றிக் கழுவிவிடுவோம். உலர்ந்த மருந்தின் மேல் ஒரு ஆணி உரசினால் போதும்.

வாத்தியாருடைய செருப்பில் லாடம் அடித்திருந்தது. குதிகால் தேயாமல் இருக்க இரும்பு லாடம். புதுச் செருப்பு வாங்கக் காசில்லாமல் அதே செருப்புக்கு எத்தனையோ வருஷமாக லாடம் மாற்றி மாற்றி அடித்துக்கொண்டிருந்தார். வாடகை கொடுத்தது போக அவ்வளவுதான் மிஞ்சியது அவருக்கு. அவர் என் கம்பெனிக்கு வரும்போது ஆளைப் பார்ப்பதற்கு முன்னால் டக் டக் என்று சத்தம் கேட்கும். அந்தச் சத்தத்தைக் கேட்டுத்தான் எனக்கு யோசனையே வந்தது.

தரை கழுவுகிறது தங்கத்தாயின் வேலை. அன்றைக்கு அவளிடம், "தண்ணி ஊத்தாத. சார் வர்றாரு, வழுக்கி விழுந்துறப்போறாரு" என்று சொன்னேன். கலந்த மருந்து இரண்டு தொட்டி உள்ளறையில் இருந்தது. அப்புறப்படுத்த மறந்துவிட்டேன் என்று உங்கள் ஏட்டிடம் சொன்னேன். மறக்கவில்லை. வாத்தியார் ஒன்று கேட்டார், அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

"உள்ள மருந்து ஏதும் இருக்கா, அண்ணாச்சி?"

"எல்லாம் காலி பண்ணிக் கழுவி விட்டாச்சு, சார்."

நம்பினார். பன்னிரண்டு வருஷமாக நான் சொன்னதையெல்லாம் நம்பியவர்தானே.

வேலையாட்கள் எல்லாரையும் முன்னாலேயே சாப்பிட அனுப்பிவிட்டேன். ஒருவருக்குக்கூட ஒரு கீறல் விழக் கூடாது என்று நினைத்தேன். அந்த அளவுக்கு எனக்கு மனசாட்சி உண்டு. நான் தள்ளிப்போய் வேப்பமரத்தடியில் நின்றேன். வாத்தியார் குடையை மடக்கி வாசலில் சாய்த்து வைத்துவிட்டு உள்ளே போனார். முன்னறையில் டக் டக் என்று நடக்கிற சத்தம் கேட்டது.

அப்போது தங்கத்தாய் குடத்தில் தண்ணீரோடு திரும்பி வந்தாள். சோறு இறங்கவில்லையாம்.

"மொதலாளி, தர காஞ்சு கெடக்கே. மனசு கேக்கல. வாசல்லயாவது தெளிச்சுட்டு வந்துர்றேன்."

சொல்லும்போதே அவள் காதிலும் அந்தச் சத்தம் விழுந்தது. குடத்தை அப்படியே போட்டுவிட்டு ஓடினாள். "ஐயா, செருப்பு! செருப்போட போகாதீக!" என்று கத்திக்கொண்டே என்னைத் தாண்டித்தான் ஓடினாள். கையை நீட்டினால் சேலையைப் பிடித்திருக்கலாம். போகாதே என்று நான் ஒரு சத்தம் போட்டிருக்கலாம். போட்டால் வாத்தியாருக்கும் கேட்டுவிடும். அதனால் போடவில்லை.

அவளுக்கு நான் ஈமச் செலவெல்லாம் செய்தேன். அவள் புருஷன் சோலைச்சாமிக்குக் கம்பெனியில் வாட்ச்மேன் வேலையும் போட்டுக் கொடுத்திருக்கிறேன். அவன் என்னைக் கையெடுத்துக் கும்பிடுகிறான்.

விபத்து என்று எல்லாரும் ஒத்துக்கொண்டார்கள். வெடித் தொழிலில் விபத்துக்குப் பஞ்சமா? மகள்காரி இனி அந்த இடத்தை என்ன செய்யப்போகிறாள், வந்த விலைக்குத் தள்ளிவிடுவாள் என்று நினைத்தேன். பதினாறாம் நாள் வெள்ளைச் சேலையில் வந்தாள். அழவில்லை. ஒத்திப் பணம் முழுவதையும் மேஜை மேல் வைத்தாள். இடிந்துபோன வீட்டுக்கு யாராவது முழுப் பணம் கொடுப்பார்களா? அப்பாவுக்குத் தப்பாத மகள் என்று நினைத்துக்கொண்டேன்.

"எண்ணிக்கிட்டு பத்திரத்தத் திருப்பிக் குடுங்கய்யா. ஷெட்டப் பிரிக்க இந்த மாசம் முழுக்க டைம் தாரேன்."

அப்புறம் கைப்பையிலிருந்து ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்துப் பிரித்தாள். கருகின தோல் துண்டு, அதில் லாடம்.

"ஆஸ்பத்திரியில அப்பா காலுல இருந்து நாந்தான் பிரிச்சு எடுத்தேன். வாசல்ல கழட்டாம எங்கப்பா எந்த வீட்டுக்குள்ளயும் போனதில்ல. யாரு போட்டுக்கிட்டுப் போகச் சொன்னது?"

நான் பணத்தை எண்ண ஆரம்பித்தேன். சாட்சி கிடையாது. சத்தம் போட்டவளும் செத்துவிட்டாள். பேசாமல் இருந்திருந்தால் நீங்கள் என்னை ஒன்றும் செய்திருக்க முடியாது, உங்களுக்கே தெரியும். ஆனால் அவள் நேராக இங்கே வந்து மனுக் கொடுத்தாள். அதை உங்கள் ஏட்டு நேற்று எனக்குப் படித்துக் காட்டினார். ராத்திரி முழுக்கத் தூக்கம் இல்லை.

"என் தகப்பனாரைக் கொன்ற கந்துவட்டிக்காரர் பலவேசம்" என்று எழுதியிருக்கிறாள்.

கொன்றேன். எப்படி என்று வரிசையாகச் சொல்லிவிட்டேன். அதை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் கந்துவட்டிக்காரர் என்கிற அந்த வார்த்தையை அடித்துவிடுங்கள், ஐயா. ஊரில் நாளைக்கு என் பேரப்பிள்ளைகள் தலை நிமிர்ந்து நடக்க வேண்டும். சத்தியநாதன் சாரிடம் நான் ஒரு காசு வட்டி வாங்கியதில்லை.