நிராகரித்த வால்வும் நிலைத்த மூச்சும்

அவைக்குத் தலைமை ஏற்று, அடுக்கிய மாலைகளுக்கு நடுவே முகம் மட்டும் தெரிய வீற்றிருக்கும் உப்பளத்து அதிபர் அற்புதமணி அண்ணாச்சி அவர்களே, முன்வரிசையை அணிசெய்யும் மூத்தோர்களே, அடுப்பை அணைத்துவிட்டும் பிள்ளைகளை அதட்டிவிட்டும் வந்திருக்கும் அன்னையர்களே, வலையைக் கரையில் உலரவிட்டுப் புன்னைக்காயலிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கும் கடல்புரத்து நண்பர்களே, தாமிரவருணித் தண்ணீரை நெல்லாக்கி நமக்குச் சோறிடும் வயல்புரத்து உறவுகளே, இடம் கிடைக்காமல் சுற்றுச்சுவரின் மேல் ஏறி அமர்ந்திருக்கும் இளைஞர் பெருமக்களே, உங்கள் அனைவருக்கும் என் பணிவார்ந்த வணக்கம். சுவர் நேற்றுத்தான் பூசியது. இளைஞர்கள் அசையாமல் இருந்தால் சுவரும் அசையாமல் இருக்கும்.

தென்கரைப் பொறியியல் அறக்கழகத்தின் புதுப் பட்டறைத் திறப்பு விழா இது. பேச வந்திருப்பவன் பொறியாளன் அல்லன். பள்ளியில் இலக்கணம் நடத்தி ஓய்வுபெற்ற தமிழாசிரியன். கழகத்தைப் பதிவு செய்தபோது நிர்வாகக் குழுவுக்கு ஏழு பேர் வேண்டும் என்றார்கள். இயந்திரம் அறிந்தவர்கள் ஆறு பேர் கிடைத்தார்கள். ஏழாவது ஆளாக என்னைப் பிடித்தார்கள். நான் அறிந்த ஒரே இயந்திரம் மிதிவண்டி. அதிலும் சங்கிலி கழன்றால் இறங்கித் தள்ளுவேன்.

பின்வரிசையில் ஓர் அண்ணாச்சி கேட்கிறார்: "லாபம் எடுக்காத கம்பெனின்னு போர்டுல போட்டிருக்கே, பொறவு எதுக்கு கம்பெனி?" நல்ல கேள்வி. வருகிற வருமானம் யார் வீட்டுக்கும் போகாது, மறுபடியும் வேலைக்கே போகும் என்பது எங்கள் விதி. எழும் ராக்கெட்டுக்குக் கருவி செய்ய ஒரு பிரிவு. கடலில் இறங்கும் படைவீரருக்குக் கருவி செய்ய ஒரு பிரிவு. இருமும் நோயாளிக்குக் கருவி செய்ய ஒரு பிரிவு. முதல் இரண்டு பிரிவுகளுக்கும் பெரிய கூடங்கள் இருந்தன. மூன்றாவது பிரிவுக்கு ஜன்னலோரம் ஒரு மேசை இருந்தது. அந்த மேசையில் நாங்கள் சாப்பிடுவோம்.

எங்கள் தலைமைப் பொறியாளர் சிவசுப்பிரமணியன், கப்பல் எஞ்சின்களோடு வாழ்ந்துவிட்டுக் கரைக்கு வந்தவர். நகரத்து ஆஸ்பத்திரி டாக்டர் தேவமணி அம்மையார் எங்களைக் காணும்போதெல்லாம் அவரிடம் ஒன்றே கேட்பார். "சார், மூச்சு நின்னவங்களுக்கு ஊதிவிட ஒரு மெஷின் செஞ்சு தாங்க." இவரும் ஒன்றே சொல்வார். "இந்த ஆர்டர் முடியட்டும் டாக்டரம்மா." ஆர்டர் முடியும். அடுத்தது வரும். ராக்கெட் பெரிது, கடற்படை பெரிது; நாட்டின் கண்கள் வானத்தையும் எல்லையையும் நோக்கியிருக்கும்போது ஜன்னலோர மேசையை யார் பார்ப்பார்கள்?

சென்ற ஆண்டு, எழுபத்தேழில், கார் நெல் நடவு நேரத்தில் ஒரு நாள். அன்று எங்கள் பட்டறைக்கு அரசின் தரச் சோதனை அதிகாரி வந்திருந்தார். பெயர் சுடலைமாடன். ஓட்டப்பிடாரத்துப் பிள்ளை. பம்பாய் அலுவலகத்தில் அவரை எஸ். மாடன் என்பார்களாம். சிரிக்காத மனிதர். நான் அவரிடம் ஒரு நகைச்சுவை சொன்னேன். முழுதும் கேட்டுவிட்டு, "சரி" என்றார்.

அவர் பார்க்க வேண்டியவை இரண்டு. ஒன்று, ராக்கெட்டுக்காகச் செய்த வால்வு. மின்சாரம் இல்லாமல், காற்றழுத்தத்தாலேயே திறந்து மூடி, திறந்து மூடி இயங்குவது. அதைச் சோதித்துப் பெட்டியில் வைத்து அரக்கு முத்திரை இட்டுவிட்டார். மாலை ரயிலில் ஏற்ற வேண்டியதுதான். மற்றது, கடற்படை மூழ்காளருக்கான காற்றுச் சீராக்கி. சிலிண்டரில் சீறிக்கொண்டிருக்கும் காற்றை, மனிதன் மூச்சுவிடும் அளவுக்குச் சாதுவாக்கித் தருவது. அதை அணிந்து புதுத் துறைமுகத்தில் இறங்கிக் காட்ட மரியான் ஆயத்தமாக நின்றார். மரியான் புன்னைக்காயல்காரர், சங்கு குளித்துக்கொண்டிருந்தவர், எங்களிடம் பிட்டராகச் சேர்ந்தவர்.

அப்போது தொலைபேசி மணி அடித்தது. எல்லோர் கையிலும் வேலை இருந்தது. என் கை சும்மா இருந்தது. நான் எடுத்தேன்.

"தேவமணி பேசுதேன். சிவசுப்பிரமணியன் சார் இருக்காங்களா?"

"சோதனையில் இருக்கிறார் அம்மா. என்ன செய்தி?"

"நாத்துப் பறிக்கையில ஒரு பொண்ண நல்லபாம்பு கடிச்சிட்டு சார். விஷமுறிவு மருந்து ஏத்தியாச்சு. ஆனா அது வேலை செய்யுற வரைக்கும் மூச்சு இல்ல. தொண்டையில குழாய் போட்டு, ரப்பர் பையை அமுக்கித்தான் காத்து அனுப்புதோம். பை கிழிஞ்சிட்டு. பிளாஸ்திரி ஒட்டி அமுக்குதோம். அது ரொம்ப நேரம் தாங்காது. உங்ககிட்ட காத்து ஊதுற எது இருந்தாலும் கொண்டு வாங்க."

இலக்கணத்தில் இதற்கு விடை இல்லை. ஓடிப்போய் அப்படியே ஒப்பித்தேன்.

சிவசுப்பிரமணியன் மரியானின் முதுகில் இருந்த சீராக்கியைப் பார்த்தார். மரியான் அதைக் கழற்றத் தொடங்கிவிட்டார். "இது ஒண்ணு மட்டும் பத்தாது. இழுக்கிறவனுக்குத்தான் இது காத்து தரும். அந்தப் பிள்ளையால இழுக்க முடியாது. விட்டு விட்டு ஊத இன்னொண்ணு வேணும்" என்றார் சிவசுப்பிரமணியன். சொல்லிவிட்டு அரக்கு முத்திரையிட்ட பெட்டியைப் பார்த்தார்.

சுடலைமாடனும் அதைப் பார்த்தார். "சார், முத்திரையை உடைச்சா இந்தச் சாமானை நான் ஏத்துக்க முடியாது. வெளிய உபயோகிச்சா அந்தச் சீராக்கியையும்தான்."

"தெரியும்."

"அடுத்த ஆர்டரும் சந்தேகம்."

"தெரியும்யா. அந்தச் சுத்தியல எடுங்க."

சுத்தியலை எடுத்துக் கொடுத்தவர் யார் என்று நினைக்கிறீர்கள்? சுடலைமாடன்தான். பக்கத்தில் நின்றவர் அவர். கொடுத்துவிட்டுத் தம் ஜீப்பில் முதலில் ஏறி அமர்ந்தார். "நான் சோதிக்க வேண்டிய சாமான் எங்க போகுதோ அங்க நான் போகணும். அதான் விதி" என்றார். சிலிண்டர்களையும் எங்களையும் சுமந்து அந்த ஜீப் ஆஸ்பத்திரிக்குப் பறந்தது.

தாய்மார்களே, அங்கே நான் கண்டதைச் சொல்கிறேன். கட்டிலில் கிடந்தவள் பெயர் இசக்கித்தாய். ஏரலுக்குப் பக்கத்து ஊர். காலில் வயல் சேறு காயவில்லை. இமைகள் சரிந்து மூடியிருந்தன. விரல் அசையவில்லை. ஒரு செவிலி பையை அமுக்க, இன்னொரு செவிலி அதன் கிழிசலைக் கையால் பொத்திப் பிடித்திருந்தார். கால்மாட்டில் கணவர் செந்தூர்பாண்டி, தலைப்பாகைத் துண்டைக் கையில் சுருட்டிக்கொண்டு நின்றார்.

சிவசுப்பிரமணியன் தரையில் உட்கார்ந்து சீராக்கியையும் வால்வையும் ரப்பர்க் குழாயால் இணைத்தார். அது மூச்சுப்போல் ஒலிக்கத் தொடங்கியது. டாக்டர் குனிந்து பார்த்தார்.

"கூடுதலா ஊதினா நுரையீரல் கிழிஞ்சிரும் சார். யார்மேலயாவது வச்சுப் பாத்தீங்களா?"

நான் சுவரைப் பார்த்தேன். நல்ல சுவர்.

"என்மேல வச்சுப் பாருங்க அண்ணாச்சி" என்றார் மரியான். "மூச்சை அடக்கிக்கிட்டுக் கெடக்க எனக்குத் தெரியும். அது ஊதட்டும்."

தாழ்வாரத்து பெஞ்சில் படுத்து, மூக்கைப் பொத்திக்கொண்டு, குழாயை வாயில் கவ்வினார். முதல் ஊதலில் அவர் உடம்பு தூக்கிப்போட்டது. எழுந்து இருமினார், கண்ணில் நீர் வந்தது, மறுபடியும் படுத்தார். சிவசுப்பிரமணியன் திருகாணியை இறக்கினார். மறுபடியும் இருமல். மறுபடியும் திருகாணி. பிறகு மரியானின் நெஞ்சு மெல்ல ஏறியது, மெல்ல இறங்கியது. அவர் கட்டைவிரலையும் சுட்டுவிரலையும் சேர்த்து வளையம் காட்டினார். கடலுக்கடியில் அதற்கு, எல்லாம் சரி என்று பொருள்.

டாக்டர் அதை இசக்கித்தாயின் குழாயில் பொருத்தினார். பையை எடுத்தார்கள். அவள் நெஞ்சு ஏறியது. இறங்கியது. ஏறியது.

விண்ணுக்கென்று வடித்த வால்வு எங்கே ஏறியது? வீதியோரத்து ஆஸ்பத்திரியில் ஏறியது. கடலடிக்கென்று கடைந்த கருவி எங்கே இறங்கியது? கழனிக்காரி ஒருத்தியின் நெஞ்சுக்குள் இறங்கியது. எல்லையைக் காக்கும் காற்றும் ஏழையைக் காக்கும் காற்றும் ஒரே காற்று என்று எங்களுக்கு எந்தக் கல்லூரி சொல்லிக் கொடுத்தது?

கைதட்டலுக்கு நன்றி. சுவர்மேல் இருப்பவர்கள் மட்டும் தட்ட வேண்டாம்.

டாக்டர் செந்தூர்பாண்டியிடம் சொன்னார்: "அவளால கண்ணைத் திறக்க முடியல, கை அசைக்க முடியல. ஆனா காது கேக்கும். பயந்துபோய்க் கெடப்பா. பேசிக்கிட்டே இருங்க."

"ஏளா, கேக்குதா? நான்தான் இங்கன நிக்கேன். மாட்டைப் பத்தி நெனைக்காத, தம்பி பாத்துக்கிடுதான்" என்று தொடங்கினார். நாற்று, மாடு, கூரை, கொழுந்தன் என்று எல்லாம் பேசினார். பேசிப் பேசித் தொண்டை கட்டிப்போய் அழுதார். அழுவது அவளுக்குக் கேட்கக் கூடாது என்று டாக்டர் என்னைப் பார்த்தார். அன்று முதன்முறையாக நிர்வாகக் குழுவின் ஏழாவது ஆளுக்கு வேலை வந்தது. எனக்கு மாட்டைப் பற்றித் தெரியாது. புணர்ச்சி விதிகள் தெரியும். தோன்றல், திரிதல், கெடுதல் என்று எடுத்துக்காட்டுகளோடு தொடங்கினேன்.

அந்த இரவை விரிக்கப் போவதில்லை. அதை நீங்களே எண்ணிக்கொள்ளலாம். சுடலைமாடன் ஒரு முக்காலியில் அமர்ந்து அழுத்தமானியைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. சிலிண்டர் தீரப்போகும்போதெல்லாம், "மாத்துங்க" என்பார். மரியான் மாற்றுவார்.

மறுநாள் வெயில் ஏறிய பின் இசக்கித்தாயின் இமை சற்றே விலகியது. பிறகு விரல். பிறகு, கருவியின் தாளத்தோடு ஒட்டாமல், அவள் நெஞ்சு தானாக ஒரு தடவை ஏறியது. சிவசுப்பிரமணியன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். டாக்டர் பொறுமையாகக் காத்திருந்து, மாலையில் குழாயை எடுத்தார். செந்தூர்பாண்டி குனிந்து, "ஏளா, என்னவாவது சொல்லுளா" என்றார்.

கரகரத்த குரலில் அவள் சொன்ன முதல் சொல் இது: "அந்த வாத்தியாரைக் கொஞ்சம் நிப்பாட்டச் சொல்லுங்க."

நிறுத்தினேன்.

பெருமக்களே, சுடலைமாடன் அந்த இரண்டு கருவிகளையும் நிராகரித்தார். ஆம், நிராகரித்தார். முத்திரை உடைந்தது, பயன்படுத்தப்பட்டது, ஏற்பதற்கில்லை என்று எழுதினார். எழுதிவிட்டு டாக்டரிடம் சொன்னார்: "நிராகரிச்ச சாமானை நான் எடுத்துட்டுப் போக முடியாது. இவங்களும் வேற யாருக்கும் விக்க முடியாது. இருக்கிற இடத்துலயே கெடக்கட்டும்." அது கிடந்த இடம் ஆஸ்பத்திரி. டாக்டர் தேவமணி சிரித்தார். சுடலைமாடன், "சரி" என்றார்.

ராக்கெட் எங்கள் வால்வு இல்லாமலே எழுந்தது. செய்தித்தாளில் படித்துக் கைதட்டினோம். கடற்படை வேலை வேறு ஊருக்குப் போனது. பட்டறையில் நெடுநாள் கடைசல் இயந்திரம் சும்மா நின்றது. ஒருவரும் சிவசுப்பிரமணியனைக் குறை சொல்லவில்லை. அவர்தான் தம்மைச் சொல்லிக்கொண்டார். "அந்தம்மா கேட்டப்பவே செஞ்சிருக்கணும், வாத்தியாரே. ஒரு பாம்பு வந்து சொல்ல வேண்டியதாப் போச்சு" என்றார். மறுநாள் ஜன்னலோர மேசையைத் துடைத்து, எங்கள் சாப்பாட்டுத் தூக்குகளைத் தரையில் இறக்கி வைத்தார். அந்த மேசையில் பிறந்த மூச்சுக் கருவிகள் இன்று திருச்செந்தூர் வரை போயிருக்கின்றன. பழைய வேலைகளும் திரும்பி வந்தன. ஆனால் இன்று திறக்கும் இந்தப் பெரிய கூடம் ராக்கெட்டுக்கும் இல்லை, கடற்படைக்கும் இல்லை. மூச்சு முட்டும் மனிதருக்கு. வானம் நமக்கு வேண்டும். எல்லை நமக்கு வேண்டும். அவற்றின் கீழே, அவற்றுக்கு உள்ளே, மூச்சுவிடும் மக்கள் முதலில் வேண்டும்.

இசக்கித்தாயை இந்த மேடைக்கு அழைக்க மரியானோடு நானே நேரில் போனேன். வரப்பில் நின்று அழைத்தேன். அவள் நிமிரவில்லை. "பிசான நெல் நடவு கெடக்கு சார். நான் கூட்டத்துக்கு வந்தா இங்கன யாரு நடுவா?" என்றாள். அவள் சொன்னதில் பிழை இல்லை. அவளுக்கு மாலை போடக் காத்திருக்கும் தலைவர் அண்ணாச்சி பொறுத்தருள வேண்டும். இந்நேரம் அவள் முழங்கால் சேற்றில் குனிந்து, எந்தக் கருவியின் துணையும் இல்லாமல், மூச்சு வாங்க நாற்று நட்டுக்கொண்டிருப்பாள்.

அமைதியாகக் கேட்ட அவைக்கும், அசையாமல் இருந்த இளைஞர்களுக்கும், பொறுமை காத்த தாய்மார்களுக்கும், அந்த வயலில் இருப்பவளுக்கும் என் நன்றியும் வணக்கமும் உரியனவாகுக.