ஆலோசனை மட்டும் சொன்னவர்

நவம்பர் 14, வெள்ளி, மாலை 5.52, தூறல். ஹம் நகரத்துக்குப் போகும் ரயில் பதினொரு நிமிடம் தாமதம். எதிர் இருக்கையில், முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் இரண்டு யாழ்ப்பாணப் பெண்கள்.

“அக்கா, உங்கட இங்கிலீஷ்காரர் கடைசியிலை ஒப்பரேசனுக்குக் கையெழுத்து வைச்சவரோ?”

“இல்லையடி. லண்டனிலை பெரிய அரசாங்கச் செயலாளரா இருந்தவர். சீனி வருத்தத்தாலை கறுத்த ரெண்டு கால்விரலை எடுக்கட்டோ எண்டு டாக்குத்தர் கேட்க, இவர் மூண்டு வழி எழுதிக் குடுத்தார். ஒண்டையும் தெரிவு செய்யேல்லை.”

“ஏனாம்?”

“ஆலோசனை சொல்லுறது மட்டும்தான் தன்ர வேலையாம். முடிவெடுக்கிறது மந்திரிதானாம்.”

“நாட்டை நடத்தின மனுசனுக்குத் தன்ர விரலுக்கு ஒரு முடிவு சொல்ல ஏலாதோ?”

“சிரியாதை. மூண்டு கிழமை கெஞ்சினம். முந்தநாள் நினைவு தப்பிட்டுது. பிறகு டாக்குத்தரே முடிவெடுத்தார்.”

“அப்ப ரெண்டு விரலும் போட்டுதோ?”

“விரலோ? முழங்காலுக்கு மேலை எடுத்தாச்சு.”